மூட்டையைப் பிரித்தால் போதுமா?



சீனியர்கள் பென் டிரைவில் தந்துவிட்டுப் போகும் ப்ராஜெக்ட் பெரும்பாலும் ஒரே ஒரு ஜிப் ஃபைல்தான். "ஓடலைடா, குப்பை!" என்று ஒரே நாளில் தூக்கிப் போட்டுவிடுகிறோம். பல நேரம் குற்றம் கோடிங்கில் இல்லை. மூட்டையைப் பிரித்த விதத்தில்!

1989-ல் அமெரிக்கர் ஃபில் காட்ஸ் உருவாக்கியது ஜிப். இன்றும் ஜிப் ஃபைலை நோட்பேடில் திறந்தால் முதலில் நிற்பது 'பிகே' என்ற அவர் முதலெழுத்துகள்தான். ஒரு பைட்கூட விடாமல், ஃபோல்டர் அமைப்போடு கட்டிவைக்கும். ஒவ்வொரு ஃபைலுக்கும் சிஆர்சி-32 என்ற சரிபார்ப்பு எண்ணும் உண்டு. பிரிக்கும்போது சிஆர்சி பிழை வந்தால் காப்பி பழுது. வேறு காப்பி வாங்குங்கள்.

அப்புறம் ஏன் ஓடவில்லை? விண்டோஸ், ஜிப்பை ஃபோல்டர் மாதிரியே திறந்து காட்டும். உள்ளேயே பைத்தான் ஃபைலை டபுள் கிளிக் செய்தால் அது மட்டும் தற்காலிக இடத்துக்குப் போகும். அதற்கு வேண்டிய படமும் டேட்டாவும் மூட்டைக்குள்ளேயே! 'எக்ஸ்ட்ராக்ட் ஆல்' கொடுத்த பிறகுதான் தொடணும். ஆர்டினோ என்றால் ஐஎன்ஓ ஃபைலின் பெயரும் அதன் ஃபோல்டர் பெயரும் ஒன்றாக இருக்கணும். பைத்தான் லைப்ரரிகள் பெரும்பாலும் ஜிப்பில் வராது. ரிக்வயர்மென்ட்ஸ் பட்டியலைப் பார்த்து பிப் மூலம் ஏற்றணும். பட்டியலே இல்லையா? இம்போர்ட் வரிகளைப் படியுங்கள், தெரிந்துவிடும்.

இதெல்லாம் எடுபிடி வேலை என்கிறார்கள் சிலர். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். பழைய மோட்டாரைப் பிரித்து மாட்டித்தானே மெக்கானிக்கல் நண்பன் ஒர்க்‌ஷாப்பில் தொழில் கற்கிறான்? நமக்கு மட்டும் ஓடுகிற ப்ராஜெக்ட் கடையில் ரெடியாகக் கிடைக்கணுமா? காசு கொடுத்து வாங்கியது, வைவாவில் "இந்த ஃபைல் எதுக்குப்பா?" என்ற ஒரே கேள்வியில் படுத்துவிடும். செத்துக் கிடந்ததை ஓட வைத்தவருக்கோ ஒவ்வொரு ஃபைலும் அறிமுகம்!

மாணவர் பேரவைக்கு ஒரு வேண்டுகோள். இறுதியாண்டு ப்ராஜெக்ட்களை லேபில் சேர்த்துவைக்க ஏற்பாடு செய்யுங்கள். செய்தவர் கணினியில் அல்ல, வேறொரு கணினியில் பிரித்து ஓட்டிக் காட்டிய ஜிப் மட்டுமே அங்கே வரணும். எந்த வெர்ஷன், எந்த ஃபைலை முதலில் ஓட்டுவது என்று அரைப் பக்கக் குறிப்பும் கூடவே இருக்கட்டும். நமக்கு அது அரை மணி நேர வேலை. ஜூனியருக்கு ஒரு செமஸ்டர்!