விசில் யார் கையில்?

ரிங்குக்குக் கீழே கையைத் தூக்கிக்கொண்டு நின்றாள் அந்தத் தங்கை. அவளைச் சுற்றி யாருமில்லை. பந்து வரவில்லை. கல்லூரிகளுக்கு இடையேயான ஒரு கூடைப்பந்துப் போட்டி அது. கம்பி வேலிக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டிருந்த நாங்கள், முதல் இரண்டு குவார்ட்டரில் மட்டும் ஏழு முறை எண்ணினோம். ஏழு முறையும் பந்து அவளைத் தாண்டி, நெருக்கடியில் நின்ற வேறொருத்திக்குப் போனது.

திருச்சுழிப் பக்கத்துக் காலனியிலிருந்து கல்லூரிக்குப் போன முதல் பெண் அவள். அம்மா மிளகாய்க்குப் போவார், பருத்திக்குப் போவார், இரண்டும் இல்லாத மாதங்களில் கரிமூட்டத்துக்குப் போவார். ஆட்டம் முடிந்ததும் கோச்சிடம் கேட்டோம். மோசமான மனிதரில்லை, எங்களிடம் எப்போதும் மரியாதையாகத்தான் பேசுவார். "அந்தப் பொண்ணுக்கு கோர்ட் சென்ஸ் கம்மிங்க" என்றார். அவர் கண்ணெதிரே நடந்தது அவருக்குத் தெரியவில்லை. பஸ் ஸ்டாண்டில் அவளிடமே கேட்டோம். "விடுங்கக்கா. எனக்கு ரன்னிங்கும் நல்லாத்தான் வருது" என்றாள்.

அன்றிலிருந்து எங்களுக்குள் ஓடுகிற ஒரு கேள்வியைத்தான் இங்கே எழுதுகிறோம். நம் பிள்ளைகள் ஆட வேண்டும் என்று பேசுகிறோம், ஜெயித்து வந்தால் மாலை போடுகிறோம். பயிற்சியாளர் யார் என்று கேட்பதில்லை.

அமெரிக்காவில் விவியன் ஸ்ட்ரிங்கர் என்றொரு கறுப்பினப் பெண்மணி. 1948இல் பிறந்தவர். பென்சில்வேனியாவில் எடன்பார்ன் என்ற நிலக்கரிச் சுரங்க ஊர், அப்பா சுரங்கத் தொழிலாளி. அவர் படித்த உயர்நிலைப் பள்ளியில் பெண்களுக்கு விளையாட்டு அணியே கிடையாது. பெண்களுக்கென்று இருந்தது ஓரத்தில் நின்று ஆண்கள் அணியை உற்சாகப்படுத்தும் குழு ஒன்றுதான். அதற்குக்கூட நிறத்தைக் காரணமாக வைத்து அவரை எடுக்கவில்லை. கறுப்பின மக்களின் உரிமைச் சங்கமான என்.ஏ.ஏ.சி.பி. தலையிட்ட பிறகே இடம் கிடைத்தது. கவனியுங்கள் தோழர்களே, ஆடுவதற்கு அல்ல, கைதட்டுவதற்கே ஒரு சங்கம் தேவைப்பட்டது.

1970களின் தொடக்கத்தில் செய்னி என்ற கல்லூரியில் ஊதியமில்லாத தன்னார்வப் பயிற்சியாளராகத் தொடங்கினார். செய்னி 1837இல் கறுப்பின மக்களுக்காகத் தொடங்கப்பட்டது, அந்த வகைக் கல்லூரிகளில் மிகப் பழையது. பெரிய பணமில்லாத சிறிய கல்லூரி. தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கமான என்.சி.ஏ.ஏ. பெண்களுக்கென முதன்முதலில் 1982இல் கூடைப்பந்துச் சாம்பியன்ஷிப் நடத்தியபோது அதன் இறுதி ஆட்டத்தில் நின்றது இந்தச் செய்னிதான். லூசியானா டெக் அணியிடம் 76–62 என்று தோற்றார்கள். அதற்கு முந்தைய ஆண்டுதான் ஸ்ட்ரிங்கரின் கைக்குழந்தை மூளைக்காய்ச்சலால் வாழ்நாள் ஊனத்துக்கு ஆளாகியிருந்தது.

1983இல் அயோவா பல்கலைக்கழகத்துக்குப் போனார், வெள்ளையர்கள் நிறைந்த மாநிலம் அது. 1992இல் கணவர் மாரடைப்பில் இறந்தார். சில மாதங்களில், 1993இல், அயோவா அணி கடைசி நான்கு அணிகளில் ஒன்றாக வந்தது. பிறகு 1995 முதல் 2022 வரை ரட்கர்ஸ். அங்கும் 2000இலும் 2007இலும் கடைசி நான்கு. மூன்று வெவ்வேறு கல்லூரிகளை அந்த இடத்துக்குக் கொண்டுவந்த முதல் பயிற்சியாளர் அவர். ஓய்வு பெற்றபோது 1,055 வெற்றிகள். சாம்பியன் பட்டம் ஒருமுறைகூடக் கிடைக்கவில்லை.

வெற்றிக் கணக்குக்காக இதைச் சொல்லவில்லை. 2007இல் ரட்கர்ஸ் இறுதி ஆட்டத்தில் தோற்ற மறுநாள், டான் ஐமஸ் என்ற பிரபல வானொலிக்காரர் அந்தப் பெண்களின் தலைமுடியையும் ஒழுக்கத்தையும் சேர்த்து இழிவாகப் பேசினார். ஸ்ட்ரிங்கர் தன் பிள்ளைகளுடன் பத்திரிகையாளர்கள் முன் வந்து உட்கார்ந்து, அவர்கள் யார், என்ன படிக்கிறார்கள் என்று பேசினார். அந்த வாரமே ஐமஸின் நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. அந்தப் பேச்சு என்னவென்று அவருக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. 2021 ஒலிம்பிக்கில் ஹாக்கி அரையிறுதியில் தோற்றபோது, ஹரித்வார் பக்கத்தில் வந்தனா கட்டாரியா வீட்டு வாசலில் பட்டாசு வெடித்துச் சாதி சொல்லித் திட்டினார்களே, அதை நமக்கு யாராவது விளக்க வேண்டியிருந்ததா?

ஆட விட்டாலும் அதிகாரம் தரமாட்டார்கள் என்பது நம் வரலாற்றிலும் உண்டு. பல்வங்கர் பாலு 1911 இங்கிலாந்துப் பயணத்தில் நூறு விக்கெட்டுக்கு மேல் எடுத்தவர். புனேயில் ஆடிய நாட்களில் அவருக்குத் தேநீர் பெவிலியனுக்கு வெளியே, தனிக் குவளையில். அணித் தலைமை கடைசிவரை வரவில்லை. தம்பி விட்டல் 1923இல்தான் தலைவரானார்.

அமெரிக்காவும் அருப்புக்கோட்டையும் ஒன்றா என்று கேட்பீர்கள். இல்லைதான். அங்கே 1972இல் வந்த ஒரு சட்டம் கல்வி நிலையங்களில் பாலினப் பாகுபாட்டைத் தடை செய்ததால் பெண்கள் அணிகளுக்குப் பணம் வந்தது. கறுப்பினப் பிள்ளைகளின் வியர்வையில் பல்கலைக்கழகங்கள் கோடி கோடியாகச் சம்பாதித்த கதையும் அங்கே உண்டு, அதை யாரும் கனவாகக் காண வேண்டாம்.

நம் பக்கத்து வரலாறே ஒன்று சொல்கிறது. 1897இல் கமுதிக் கோயிலுக்குள் நுழைந்ததற்காக நாடார்கள் வழக்குக்கு இழுக்கப்பட்டார்கள், லண்டன் பிரிவி கவுன்சில் வரை போயும் தோற்றார்கள். அதே காலத்தில் மகமைப் பணம் சேர்த்து இந்த வறண்ட சீமையில் பள்ளிகள் கட்டினார்கள், பிறகு கல்லூரிகளும் வந்தன. பள்ளியோடு மைதானம் வந்தது, மைதானத்தோடு வாத்தியார் வேலையும் வந்தது. வியாபாரம் இருந்ததால் மகமை இருந்தது. பருத்தி பறிக்கிற கூலியில் எங்கே மகமை எடுப்பது? நமக்கு இருப்பது அரசுதான். அதனால் அரசைத்தான் கேட்க வேண்டும்.

எதைக் கேட்பது? இங்கே சட்டம் படிக்கிற தம்பி தங்கைகள் கொஞ்சம் நிதானமாகப் படிக்கவும். கல்லூரியில் விளையாட்டுக்குப் பொறுப்பானவர் உடற்கல்வி இயக்குநர். எம்.பி.எட். முடித்து, நெட் அல்லது செட் தேர்வோ முனைவர் பட்டமோ வேண்டும். பெரும்பாலும் ஒரு கல்லூரிக்கு ஒரே பணியிடம். ஒரே பணியிடம் மட்டுமே உள்ள பதவியில் இடஒதுக்கீடு செய்தால் அது நூறு சதவீத ஒதுக்கீடாகிவிடும், ஆகவே கூடாது என்று 1998இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சண்டிகர் மருத்துவக் கல்வி நிறுவன வழக்கில் தீர்ப்பளித்தது. அரசு கல்லூரிகளுக்கு மாநிலம் முழுவதற்குமாகச் சேர்த்து ஆள் எடுப்பதால் அங்கே 18 சதவீதம் வரும், அதற்குள் அருந்ததியர் 3 சதவீதமும் வரும். தனியார் நிர்வாகங்களில் அந்த ஒற்றை நாற்காலி யாருக்குப் போகும் என்று உங்களுக்கே தெரியும். ஆக, அரசு கல்லூரிகளின் பணியிடங்கள்தான் நம் பெண்களுக்கான கதவு. 2022இல் திருச்சுழிக்கே ஒரு அரசு கலை அறிவியல் கல்லூரி வந்தது. அங்கே ஒரு பெண் உடற்கல்வி இயக்குநர் நிரந்தரமாக வேண்டும், சிமெண்ட் தளம் போட்ட ஒரு கோர்ட் வேண்டும், பயிற்சி முடிந்து காலனிக்குத் திரும்ப ஒரு பஸ் வேண்டும். 2021 முதல் டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லைதான், ஆனால் ஆறு மணிக்கு மேல் பஸ்ஸே இல்லாத ஊருக்கு இலவசம் எதற்கு?

நிரந்தரம் என்று அழுத்துவதற்குக் காரணம் உண்டு. சென்னையில் பிறந்த அனிதா பால்துரை 19 வயதில் இந்தியக் கூடைப்பந்து அணிக்குத் தலைவியானார், பதினெட்டு ஆண்டுகள் நாட்டுக்காக ஆடினார், 2021இல் பத்மஸ்ரீ வாங்கினார். அவர் தெற்கு ரயில்வே ஊழியர். மாதச் சம்பளம் ஒருவரை எத்தனை ஆண்டுகள் கோர்ட்டில் நிற்க வைக்கிறது பாருங்கள். தொகுப்பூதியத்தில் வருகிறவர் அடுத்த ஜூனில் இருப்பாரோ என்னவோ. தங்கச்சி எந்த பஸ்ஸில் வருகிறாள், காலையில் சாப்பிட்டாளா, ஏன் அவளுக்குப் பந்து வரவில்லை என்று கவனிக்க அவருக்கு நேரம் ஏது?

நாங்குநேரிக்குப் பிறகு அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு 2024இல் தந்த அறிக்கை, ஒரு வட்டாரத்தின் ஆதிக்க சாதியைச் சேர்ந்தவர் அங்கே தலைமையாசிரியராக இருக்கக் கூடாது என்று பரிந்துரைத்தது. நல்ல பரிந்துரை. ஆனால் கயிறு கட்டிய கைகள் ஒன்றையொன்று தொட்டாக வேண்டிய இடம் மைதானம். அதை நடத்துகிறவரைப் பற்றியும் அதே அக்கறையோடு பேசியாக வேண்டும்.

"தண்ணிக்கும் சுடுகாட்டுக்கும் பாதை கேட்டுக்கிட்டிருக்கோம், நீங்க பந்து வெளாட்டு பேசுறீங்களே" என்று மூத்த தோழர் ஒருவர் கோபித்துக்கொண்டார். அவர் கோபம் நியாயமானது. ஆனாலும் கூடைப்பந்து தோளோடு தோள் உரசாமல் ஆட முடியாத ஆட்டம். அதில் ஒருத்திக்குப் பந்து தர மறுப்பதும் தீண்டாமைதான். இதற்கு எஃப்.ஐ.ஆர். போட முடியாது. ஓரத்தில் நிற்கிற ஒருவர் பார்த்து, விசிலடித்து, ஆட்டத்தை நிறுத்தினால்தான் உண்டு.

1999இல் பர்டூ அணிக்குப் பட்டம் வாங்கித் தந்த கரோலின் பெக், அந்த வெற்றியைப் பெற்ற முதல் கறுப்பினப் பெண் பயிற்சியாளர். அன்று அறுத்தெடுத்த கூடை வலையில் ஒரு துண்டைப் பின்னாளில் டான் ஸ்டேலிக்குக் கொடுத்தார். ஸ்டேலி 2017இல் பட்டம் வென்றபின், தன் வலையைத் துண்டு துண்டாக்கி மற்றக் கறுப்பினப் பெண் பயிற்சியாளர்களுக்கு அனுப்பினார். (நாங்கள் பார்த்த ரிங்குகளில் பாதிக்கு வலையே கிடையாது, அது வேறு விஷயம்.)

அந்தத் தங்கை இப்போது பி.பி.எட். படிக்கிறாள். பொங்கல் லீவுக்கு வந்தவள், எங்கள் மாலைப் படிப்பகத்துப் பிள்ளைகளைக் கண்மாய்க் கரைக்குக் கூட்டிப்போனாள். ரிங் இல்லை, பந்தும் வாலிபால்தான். ஆளுக்கு ஒருமுறையாவது கைக்குப் பந்து வந்துசேராமல் யாரும் எறியக் கூடாது என்று ஒரு விதி வைத்தாள். வேகமாக ஓடுகிற பையன்கள் இரண்டு பேர் கடுப்பாகி வீட்டுக்குப் போய்விட்டார்கள். மறுநாள் அவர்களே முதலில் வந்து நின்றார்கள்.