ஐம்பது வயதில் அரிவரி

சில மாதங்களுக்கு முன்னர், பத்திரிகைத் துறையில் என்னோடு நீண்டகாலம் பழகிய சிங்கள நண்பர் ஒருவரைக் கொழும்பில் சந்திக்க நேர்ந்தது. என் வயதொத்தவர், ஐம்பத்தாறு. தமிழ் படிக்க வேண்டும் என்று ஆசைப்பட்டு ஒரு வகுப்பிலே சேர்ந்து, மூன்றாவது வாரத்தோடு நின்றுவிட்டார். "மச்சான், இந்த வயதில் இது தலைக்குள் ஏறாது. சின்ன வயதில் யாராவது சொல்லித் தந்திருக்க வேண்டும்" என்றார். இதையும் சிங்களத்திலேதான் சொன்னார்.

அவர் கூற்றில் பாதி உண்மை. மற்றப் பாதியைப் பற்றி எழுதத் தோன்றியதற்குக் காரணம் அவர் அல்லர், என்னுடைய பெரியப்பா.

பெரியப்பா 1918 ஆம் ஆண்டு பிறந்தவர். ஆங்கிலத்திலே கற்று, ஓர் அரச திணைக்களத்தில் எழுதுவினைஞராகச் சேர்ந்தவர். தனிச்சிங்களச் சட்டம் 1956 இல் நிறைவேறியபோது அவருக்கு வயது 38. சிங்களப் பரீட்சையில் தேறினாலன்றிச் சம்பள உயர்வு இல்லை என்ற அறிவித்தல் மேசைக்கு வந்தபோது 43. சிங்களம் படிக்க வேண்டாம் என்று தமிழரசுக் கட்சி சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. ஆனால் வீட்டிலே நான்கு பிள்ளைகள். அலுவலகம் முடிந்து வந்து, இரவு வேளைகளில், பாலபோதினி படிக்கும் சிறுவனைப்போல் சிங்கள அரிவரியை எழுதிப் பழகினார். எழுத்துப் பரீட்சையில் தேறினார். வாய்மொழிப் பரீட்சையில் இரண்டு தடவை தவறினார். இரண்டாவது தடவை பரீட்சகர் அவரது உச்சரிப்பைக் கேட்டுச் சிரித்தாராம். தம்மிலும் இருபது வயது இளையவர் ஒருவர் முன்னிலையில் நின்று சிரிப்புக்கு ஆளான அந்த மனிதர் மூன்றாவது தடவை போகவில்லை. காலத்துக்கு முன்னரே ஓய்வுபெற்று ஊருக்கு வந்துவிட்டார்.

எழுபதுகளில், சிறுவனாக, அவருடைய பெட்டகத்தில் அந்தக் கொப்பியை நான் கண்டிருக்கிறேன். மண்ணிறத் தாளில் உறை போட்டிருந்தார். உள்ளே சிங்கள எழுத்துக்கள் முத்து முத்தாக இருந்தன. இன்றும் என்னால் அவ்வளவு அழகாகச் சிங்களம் எழுத முடியாது.

கை கற்றுக்கொண்டதை நா ஏன் கற்கவில்லை என்ற கேள்விக்கு விடை அறிவியலில் இருக்கிறது. அமெரிக்க மொழியியல் அறிஞர் எரிக் லெனபேர்க் 1967 இல் எழுதிய நூலில், மொழியை இயல்பாகப் பற்றிக்கொள்ளும் காலம் பருவமெய்தும் வயதுடன் முடிவடைகிறது என்று வாதிட்டார். இதைத்தான் என் நண்பரும், பெயர் அறியாமலே, மேற்கோள் காட்டுகிறார். பின்வந்த ஆய்வுகள் இக்கருத்தை அப்படியே ஏற்கவில்லை. நெதர்லாந்திலே குடியேறிய ஆங்கிலம் பேசுவோர் டச்சு மொழி கற்றதைப் பற்றி 1978 இல் வெளியான ஆய்வொன்றில், தொடக்க மாதங்களில் முந்தியவர்கள் பதின்ம வயதினரும் பெரியவர்களுமே. பின்தங்கியவர்கள் மூன்று முதல் ஐந்து வயதுக் குழந்தைகள். 2018 இல் ஏறத்தாழ 6 இலட்சத்து 70 ஆயிரம் பேரின் ஆங்கில இலக்கண அறிவை இணையவழியாகச் சோதித்த ஆய்வு, இலக்கணத்தை உள்வாங்கும் திறன் ஏறக்குறைய 17 வயது வரை குறையாமல் இருப்பதாகக் கூறியது. அந்தக் கணக்கைப் பற்றியும் அறிஞர்களிடையே வாதம் உண்டு.

ஆனால் ஒரு விடயத்தில் பெரும்பாலும் கருத்தொற்றுமை காணப்படுகிறது. வயது முதலில் பறித்துக்கொள்வது உச்சரிப்பை. தாய்மொழியில் இல்லாத ஒலி வேறுபாடுகளைக் கேட்டறியும் திறன் குழந்தையின் முதலாவது ஆண்டிலேயே மங்கத் தொடங்கிவிடுகிறது. சொல்வளத்துக்கு அப்படி எல்லை எதுவும் இல்லை. அது சாகும்வரை வளரும். போலந்துக் குடும்பத்திலே பிறந்து, இருபது வயதுக்குப் பின்னர் ஆங்கிலம் கற்ற யோசப் கொன்ராட், ஆங்கில நாவலாசிரியர்களின் முன்வரிசையில் இடம் பெற்றார். பேசும்போது மட்டும் போலந்து நாக்கு இறுதிவரை மாறவில்லை. நமக்கு இன்னும் நெருங்கிய உதாரணம் இத்தாலியரான வீரமாமுனிவர். முப்பது வயதிலோ அதற்குச் சற்றுப் பின்னரோ தமிழகம் வந்து, தேம்பாவணியைப் பாடியவர். அவர் ழகரத்தை எப்படி உச்சரித்தார் என்று எவரும் பரீட்சை வைக்கவில்லை.

சிங்களத்திலே மலை என்று பொருள்படும் ஒரு சொல் உண்டு. மரத்தின் அடித்தண்டு என்று பொருள்படும் இன்னொரு சொல்லும் உண்டு. தமிழில் எழுதினால் இரண்டும் 'கந்த' தான். முதலாவதிலே மூக்கொலி முழுமையாக நிற்கும். இரண்டாவதில் அடுத்த எழுத்தோடு ஒட்டிப் பிறந்து மறைந்துவிடும். சிங்களக் குழந்தை இதை ஒருபோதும் 'கற்பதில்லை'. நான் முப்பது ஆண்டுகளாகக் கொழும்பில் இருந்தும் இன்றும் தடுமாறுகிறேன். சொல்லின் முதலில் வரும் ஒலிப்புடைய பகரமும் தமிழ் நாவுக்கு இயல்பானதன்று. எங்கள் ஊர் முதியவர்கள் 'பஸ்' என்பதை 'வசு' என்றே சொன்னார்கள். சிங்களத்தில் வாளியைப் 'பால்திய' என்பர். அச்சொல்லைச் சொல்லவைத்து, உச்சரிப்பைக் கொண்டு தமிழரை அடையாளங்கண்ட கதைகளை 1983 யூலையில் தப்பி வந்தவர்கள் பலர் சொல்லியிருக்கிறார்கள். கற்பவன் எவ்வளவு முயன்றாலும் திருத்திக்கொள்ள முடியாத ஒன்றை, பரீட்சகர் ஒருவிதமாகவும் தெருவில் நின்றவர்கள் வேறுவிதமாகவும் அளவுகோலாக வைத்துக்கொண்டார்கள்.

பெரியப்பா வழக்குப் போடவில்லை. போட்டவர் கோடீஸ்வரன். கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞராக இருந்த அவருக்குச் சிங்களப் பரீட்சையில் தேறாத காரணத்தால் 1962 இல் சம்பள உயர்வு மறுக்கப்பட்டது. 1964 இல் மாவட்ட நீதிமன்றம் அவருக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தது. அரசாங்க ஊழியர் சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்காட முடியாது என்று 1967 இல் உயர் நீதிமன்றம் அதைத் தள்ளியது. 1969 இல் கோமறைக் கழகம், வழக்காட முடியும் என்றது. ஆனால் மொழிச் சட்டம் அரசியலமைப்புக்கு முரணானதா என்ற மூலக் கேள்விக்கு விடை கிடைக்கவில்லை. 1972 இல் அரசியலமைப்பே மாறிவிட்டது.

இந்த நாட்டின் மொழிக்கொள்கையில் எனக்கு விளங்காத விந்தை ஒன்று உண்டு. ஐந்து வயதிலே, விளையாட்டோடு விளையாட்டாக மற்ற மொழி வந்து ஒட்டக்கூடிய பிள்ளைகளைத் தமிழ்ப் பாடசாலை, சிங்களப் பாடசாலை என்று பிரித்து, ஒருவர் குரல் மற்றவர் காதில் விழாதபடி வளர்த்தோம். பின்னர் அவர்கள் நரைத்த தலையோடு மேசைக்கு முன்னால் உட்கார்ந்த பின்னர், பரீட்சை எழுதுங்கள் என்றோம். தாய்மொழிக் கல்வியை நான் குறைகூறவில்லை. அது எங்களவரும் விரும்பிக் கேட்டது. ஆனால் தாய்மொழியிலே கணிதம் படிக்கும் பிள்ளை, பக்கத்து வாங்கில் இருக்கும் பிள்ளையோடு பந்தடிக்கும்போது வேறு மொழி பேசுவதை யார் தடுத்தார்கள்? கொட்டாஞ்சேனை ஒழுங்கைகளில் கிரிக்கெட் ஆடும் சிறுவர்களைப் பாருங்கள். ஆட்டமிழந்தாரா இல்லையா என்ற சண்டையை இரண்டு மொழிகளிலும் பிடிப்பார்கள்.

இரண்டாம் மொழி இப்போது பாடசாலைகளில் ஒரு பாடமாக இருக்கிறது. 2007 யூலை முதலாந் திகதிக்குப் பின்னர் அரச சேவையில் சேர்ந்தவர்கள் ஐந்து ஆண்டுகளுக்குள் மற்ற அரசகரும மொழியில் தேர்ச்சி பெற வேண்டும் என்ற சுற்றறிக்கையும் உண்டு. அது இரு தரப்பினருக்கும் பொதுவானது என்பதால், 1956 இனைவிட நூறு மடங்கு மேலானது. ஆயினும் அம்மொழி பேசும் ஒருவரோடு பேசாமலே சித்தியெய்தக்கூடிய பாடம், பாடமாக மட்டுமே இருக்கும்.

நான் சிங்களம் கற்றது 24 ஆவது வயதில், 1993 இல், கொழும்புக்கு வந்த பின்னர். கற்பித்தவர்கள் அச்சுக்கூடத்தில் இரவு வேலை செய்த இரண்டு தொழிலாளர்கள். என் பிழைகளைக் கேட்டு அவர்களும் சிரித்தார்கள். ஆனால் அந்தச் சிரிப்போடு தேநீரும் வந்தது. அதே உச்சரிப்போடு சோதனைச் சாவடியில் வாய் திறந்தால் அடையாள அட்டையைக் கேட்பார்கள். எனவே பல நாட்கள் வாயைத் திறக்காமலே திரிந்தேன். அந்த நாட்களில் என் சிங்களம் ஓர் அங்குலமும் வளரவில்லை. வெட்கமும் பயமும் நாவைக் கட்டுவதுபோல் வயது கட்டுவதில்லை.

புலம்பெயர்ந்து வாழும் வாசகர்களுக்கு இது புதிதன்று. நாற்பது வயதில் பாரிசுக்குப் போன தாய்மார், வைத்தியரிடம் போகும்போது பத்து வயது மகளைத் துபாசியாக அழைத்துச் சென்றதை அறிவோம். தம் உடம்பின் நோயைத் தம் பிள்ளையின் வாயால் சொல்லவேண்டி வந்த அந்தத் தாய்மார் மொழி ஏறாத மண்டைகள் அல்லர். உணவகச் சமையலறையில் பன்னிரண்டு மணி நேரம் நின்றபின் எந்த வகுப்புக்குப் போவது? கனடாவில் குடியுரிமை கோருவோரில் 18 முதல் 54 வயது வரையானோரே மொழித் திறனை நிரூபிக்க வேண்டும். 55 ஆனால் அந்நிபந்தனை இல்லை. பெரியப்பா அதைக் கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ தெரியாது. அவர் 1989 இல் காலமானார்.

இவற்றையெல்லாம் நண்பருக்குச் சொன்னேன், கொப்பியின் கதை உட்பட. சிறிது நேரம் பேசாமல் இருந்தார். பின்னர், வகுப்பு வேண்டாம், நீ வாரத்துக்கு ஒரு நாள் என்னோடு தமிழில் மட்டும் பேசுவாயா என்று கேட்டார். ஒப்புக்கொண்டேன்.

சிங்களப் பேச்சு வழக்கில் நான், நீ, அவர் எல்லாருக்கும் வினைமுற்று ஒன்றே. ஆகவே தமிழிலும் அவர் அப்படியே பேசுகிறார். போன வாரம் வீட்டுக்குத் தொலைபேசி எடுத்திருக்கிறார். நான் வெளியே போயிருந்தேன். மனைவிதான் எடுத்தார்.

"அக்கா, நான் நாளை வரும். அவரிடம் சொல்லும்" என்றாராம்.

மறுநாள் வந்தார்.