விவரணப் படங்களும் தோட்டத்துச் சாமிகளும்

பேஸில் ரைட் என்னும் ஆங்கிலேயர் தேயிலைப் பிரசார சபைக்காக எடுத்து 1934இல் முடித்த ‘சாங் ஒஃப் சிலோன்’ என்ற விவரணப் படம் மறுவருஷம் பிரஸ்ஸல்ஸ் விழாவில் முதற்பரிசு பெற்றதையும், கண்டி இராச்சியத்தில் ஏறக்குறைய இருபது வருஷம் கைதியாயிருந்த ராபர்ட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலின் வாசகங்களே லயனல் வென்ட்டின் குரலில் அதற்கு உரையாக ஒலிப்பதையும் சினிமா ரசிகர் பலர் அறிவர். சிவனொளிபாதமலை ஏறும் யாத்திரிகரின் சிரத்தையையும் கண்டி நடனத்தின் கம்பீரத்தையும் அது காட்டும் அழகை மறுப்பவர் ரசனையற்றவரே. ஆயினும் கொழுந்து பறிக்கும் நம் பெண்கள் அதில் எங்கே வருகிறார்கள்? ‘வர்த்தகத்தின் குரல்கள்’ என்ற மூன்றாம் பகுதியில், சந்தை நிலவரம் கூறும் குரல்களுக்கு அடியில்! பக்தி ஒரு சாராருக்கு, உழைப்பு மற்றொரு சாராருக்கு என்று பாகப்பிரிவினை செய்தாற்போல் ஆயிற்று. பணம் கொடுத்தவர்கள் தேயிலை விற்பவர்கள் என்பதால், இதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

ஆனால் உழைக்கும் அந்தச் சாராருக்கும் பக்தி உண்டு. மலையகத் தோட்டங்களில் ஆலை யந்திரங்களுக்குக் காவலாக ரோதைமுனியும், தேயிலைச் செடிகளை வெட்டிவிடும் கவ்வாத்து மலைக்குக் கவ்வாத்துச்சாமியும் வழிபடப்படுகிறார்கள். மரத்தடியில் நட்ட ஒரு கல்லின் முன் கத்திகளைக் கிடத்தி, தேங்காய் உடைத்து, சூடம் காட்டிய பின்னரே முதற்செடியில் வெட்டு விழும் என்றால், கத்தி தவறினால் கை போகும், கை போனால் குடும்பம் பட்டினி கிடக்கும் என்ற பயம் அந்தச் சூடத்தோடு சேர்ந்து எரிகிறது என்பதை உணர அதிக ஆராய்ச்சி வேண்டியதில்லை. இதை மூடநம்பிக்கை என்று நகைக்கும் படித்தவர்களும், விநோதம் என்று வியக்கும் பிரயாணிகளும் என் அபிப்பிராயத்தில் ஒரே தவற்றையே செய்கிறார்கள்.

வேறு விதமாகவும் படம் எடுக்கலாம் என்பதற்குச் சார்லி நெய்ர்ன் 1973இல் எடுத்த கதிர்காமப் படம் திருஷ்டாந்தம். மானுடவியல் அறிஞர் கணநாத் ஒபேசேகரவின் துணையோடு எடுக்கப்பட்ட அப்படம் தீமிதிப்பை மட்டும் காட்டி நம்மைத் திகைக்க வைப்பதோடு நில்லாமல், காணாமற்போன மகனைத் தேடும் ஓர் ஏழைக் குடும்பத்தின் பின்னே நடந்து, அவர்களோடு நம்மையும் தெய்வ சந்நிதிக்குக் கொண்டுபோகிறது. வேண்டுதலின் காரணம் தெரிந்தவனுக்கு வழிபாடு விசித்திரமாகத் தோன்றுவதில்லை.

பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பயிலும் தோட்டத்துப் பிள்ளைகளிடம் ஒரு விண்ணப்பம். மாசியில் காமன் கூத்துக்கு ரதியும் மன்மதனும் வேஷம் கட்டிய பிறகு ஓடிப்போய்ப் படம் பிடித்து, காமனை எரித்ததும் திரும்பிவிடாதீர்கள். கம்பம் ஊன்றும் நாளிலேயே போய், விரதமிருப்பவரோடும் தப்பு அடிப்பவரோடும் லயத்துத் திண்ணையில் உட்கார்ந்து, யார் எதற்காக நேர்ந்துகொண்டார் என்று கேளுங்கள். அவர்கள் அநுமதித்தால் மட்டும் காமிராவைத் திறவுங்கள். படம் முடிந்ததும் முதற்காட்சியை அந்தத் தோட்டத்திலேயே போட்டுக் காட்டுங்கள்.