தானா ஆஃப் ஆகுற டிவியும் "போர்டு போயிடுச்சு சார்" வசனமும்

ஓடிக்கிட்டிருக்கிற டிவி திடீர்னு தானா ஆஃப் ஆகுது. போட்டா வருது. பத்து நிமிஷத்துல மறுபடி ஆஃப். அப்போ நம்ம வீடுகள்ல நடக்கிறது ரெண்டே விஷயம்தான். ஒண்ணு, டிவி தலையில ஒரு தட்டு. (பழைய டப்பா டிவிக்கு அது சில சமயம் வேலை செஞ்சது. எல்இடி டிவியைத் தட்டினா பானல்தான் போகும்!) ரெண்டு, மெக்கானிக்குக்கு போன். அவர் சொல்ற வசனம் எல்லாருக்கும் மனப்பாடம்: "போர்டு போயிடுச்சு சார். மாத்தினாலும் எத்தனை நாள் வரும்னு சொல்ல முடியாது. புதுசே வாங்கிடுங்க."

அடுத்த வாரம் புது டிவி, மாசாமாசம் தவணை. "வட்டியே இல்லை"ன்னு கடையில சொல்லுவாங்க. ஜீரோ சதவீத வட்டின்னு ஒண்ணு உலகத்துலயே கிடையாது, அது ப்ராசஸிங் கட்டணம்கிற பேர்ல வாடிக்கையாளர் தலையிலதான் விழுதுன்னு ரிசர்வ் வங்கி 2013-லயே சொல்லிடுச்சு. ஒரு சின்னக் கோளாறுக்கு ஒரு குடும்பம் வருஷம் முழுக்கப் பணம் கட்டுது.

மெக்கானிக்கைக் கூப்பிடுறதுக்கு முன்னாடி செய்ய வேண்டியது ரிப்பேர் இல்லை, கவனிக்கிறது. எப்போ ஆஃப் ஆகுதுங்கிறதுலயே பாதி பதில் இருக்கு.

1. ஒவ்வொரு தடவையும் ஒரே நேரக் கணக்குல ஆஃப் ஆனா, அது கோளாறே இல்லாம இருக்கலாம். ஸ்லீப் டைமர், இல்லேன்னா மின்சாரம் மிச்சம் பிடிக்கிற ஆட்டோ பவர் ஆஃப். செட்டிங்ஸ்ல போய் நிறுத்தினா போதும்.

2. செட்டாப் பாக்ஸை அணைச்சா டிவியும் சேர்ந்து அணையுதா? எச்டிஎம்ஐ வழியா ஒரு கருவி இன்னொண்ணுக்குக் கட்டளை போடுற வசதி அது. அதையும் செட்டிங்ஸ்ல நிறுத்தலாம்.

3. ரிமோட்ல பவர் பட்டன் அமுங்கியே மாட்டிக்கிட்டிருக்கலாம். பேட்டரியைக் கழட்டி வச்சுட்டு ஒரு மணி நேரம் பார்த்தா தெரிஞ்சுடும்.

4. நேரங்கெட்ட நேரத்துல ஆஃப் ஆகி, ஸ்டாண்ட்பை விளக்கும் சேர்ந்து அணைஞ்சா, சந்தேகம் ப்ளக் மேல. எக்ஸ்டென்ஷன் பாக்ஸ், ஸ்டெபிலைசர் எல்லாத்தையும் விட்டுட்டு நேரா சுவத்து ப்ளக்ல போட்டுப் பாருங்க.

5. கொஞ்ச நேரம் ஓடி, சூடானதும் ஆஃப் ஆகி, ஆறினதும் வந்தா, பின்பக்கக் காத்து ஓட்டைகள்ல தூசி அடைச்சிருக்கலாம். இல்லேன்னா பவர் சப்ளைல இருக்கிற கெப்பாசிட்டர் உப்பியிருக்கலாம்.

அஞ்சுலயும் பதில் கிடைக்கலேன்னா, அப்பதான் மெக்கானிக். ஸ்டாண்ட்பை விளக்கு கண் சிமிட்டுனா எத்தனை தடவைன்னு எண்ணி அவர்கிட்ட சொல்லுங்க; பல மாடல்கள்ல அதுதான் கோளாறு எண். பின்மூடியை மட்டும் யாரும் வீட்டுல திறக்க வேண்டாம். உள்ளே 300 வோல்ட்டுக்கு மேல மின்சாரம், ப்ளக்கைப் பிடுங்கின பிறகும் கெப்பாசிட்டர்ல தங்கியிருக்கும்.

சரி, சில பத்து ரூபாய் கெப்பாசிட்டருக்கு ஏன் முழு போர்டையே மாத்தச் சொல்றாங்க? மெக்கானிக் எல்லாம் திருடங்கன்னு சொல்றது சுலபம். உண்மை வேற. கோளாறைக் கண்டுபிடிக்கிறவரும், தீர்வை விக்கிறவரும் ஒரே ஆளா இருந்தா என்ன ஆகும்னு 1973-லயே டார்பி, கார்னின்னு ரெண்டு பொருளாதார அறிஞர்கள் எழுதினாங்க. தேவையில்லாத ரிப்பேரைத் தலையில கட்டினா வாங்குறவருக்குத் தெரியவே தெரியாது.

இதுல நம்ம பங்கும் இருக்கு. டாக்டர் மருந்தே எழுதலேன்னாலும் பீஸ் கொடுக்கிறோம். ஒரு மணி நேரம் உட்கார்ந்து, மீட்டர் வச்சுப் பார்த்து, "ப்ளக்தான் லூஸ்"னு ஒரு மெக்கானிக் சொன்னா, "இதுக்கு எதுக்குப் பணம்?"னு கேட்கிறோம். உண்மை சொன்னா வருமானம் இல்லை, போர்டு வித்தா உண்டு. அப்புறம் அவர் எதைச் சொல்லுவார்?

அதனால பார்க்கிறதுக்குத் தனிக் கூலின்னு முதல்லயே பேசிடணும். ரிப்பேர் செஞ்சாலும் செய்யலேன்னாலும் அது அவருக்கு. கூடவே ரெண்டு கேள்வி: எந்த பாகம் போச்சு? கழட்டின பழைய பாகத்தைத் தருவீங்களா? இதைக் கேட்டாலே பேச்சு மாறும்.

எல்லா டிவியையும் காப்பாத்த முடியாதுங்கிறதும் உண்மைதான். பானல் உடைஞ்சா அதோட விலை பல சமயம் புது டிவியை நெருங்கிடும். அப்போ புதுசு வாங்குறதுதான் சரியான கணக்கு. கம்பெனிகளுக்கும் பொறுப்பு இருக்கு. உதிரி பாகம், ரிப்பேர் விவரம் எல்லாம் மக்களுக்குக் கிடைக்கணும்னு மத்திய அரசு 2022-ல ரிப்பேர் உரிமைக்குன்னு தனி இணையதளம் தொடங்கிச்சு. ஆனா தெரு முனைக் கடையில இருக்கிற மெக்கானிக் நேர்மையா இருந்தா நஷ்டம்ங்கிற நிலைமையை எந்தச் சட்டமும் மாத்தாது. அதை மாத்த வேண்டியது அவர்கிட்ட வேலை கொடுக்கிற வீடுகள்தான்.