எக்ஸாம் தேதிக்காக கோர்ட் படி ஏறலாமா?

டைம்டேபிள் ஒட்டியதும் எந்தக் காலேஜிலும் ஒரு குரல் கேட்கும்: "கேஸ் போடணும்டா மச்சி, தன்னால தள்ளி வைப்பாங்க!" உண்மையில் அப்படி நடக்கிறதா?

2020, கொரோனா காலம். இறுதியாண்டுத் தேர்வுகளை செப்டம்பர் 30-க்குள் முடிக்க வேண்டும் என்று ஜூலை 6-ம் தேதி யு.ஜி.சி. சொன்னது. அதை எதிர்த்து மாணவர்கள் பலர் உச்ச நீதிமன்றம் போனார்கள். ஆகஸ்ட் 28-ல் தீர்ப்பு வந்தது. தேர்வே வைக்காமல் பாஸ் போட மாநிலங்களுக்கு அதிகாரம் இல்லை. பேரிடர் மேலாண்மைச் சட்டப்படி தள்ளிவைக்கலாம், ஆனால் அதற்கு மாநில அரசு யு.ஜி.சி.யிடம் அவகாசம் கேட்க வேண்டும். அதாவது கதவு இருந்தது, சாவி மாணவன் கையில் இல்லை!

நம்ம காமர்ஸ் பக்கம் வருவோம். 2024 மே மாத சி.ஏ. தேர்வுகளை நாடாளுமன்றத் தேர்தலுக்காகத் தள்ளிவைக்கக் கேட்டார்கள். ஏப்ரல் 29-ல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. வாக்குப்பதிவு நாட்களான மே 7, 13 இரண்டிலும் தேர்வு இல்லையே என்றது.

கோபப்படாமல் யோசித்தால் நீதிபதிகள் பக்கமும் நியாயம் இருக்கிறது. வழக்குப் போட்டவர் சிலர், அதே தேதியை நம்பிப் படித்தவர்கள் லட்சக்கணக்கில். ரிசல்ட் தள்ளிப்போனால் மேற்படிப்பு, வேலை எல்லாம் தள்ளிப்போகும்.

ஆனால் அதே சி.ஏ. தேர்வில் 2021-ல் வேறொன்று நடந்தது. ஜூலை 5-ல் தேர்வு தொடக்கம். ஜூன் 30-ல் உச்ச நீதிமன்றம் தேதியைத் தொடவில்லை. ஆனால் கொரோனாவால் தானோ குடும்பமோ பாதிக்கப்பட்டவர் டாக்டர் சான்றிதழ் கொடுத்து விலகிக்கொள்ளலாம், ஆர்.டி.-பி.சி.ஆர். ரிப்போர்ட் கேட்டு அலைக்கழிக்கக் கூடாது என்றது.

வித்தியாசம் புரிகிறதா? "எல்லோருக்கும் தள்ளிவை" என்பது தோற்றது. "எழுத முடியாதவனுக்கு ஒரு வழி சொல்" என்பது ஜெயித்தது. நாம் பிடித்துக்கொள்ள வேண்டியது இரண்டாவதைத்தான்.

2020-ல் யு.ஜி.சி.யும் தேர்வைத் தவறவிட்டவர்களுக்குப் பிறகு சிறப்புத் தேர்வு வைக்கலாம் என்றது. ஆனால் அந்த ஒரு வருடத்துக்கு மட்டும்! மற்றபடி சாதாரண நாளில் ஒருவனுக்கு டெங்கு வந்தாலும், வீட்டில் சாவு விழுந்தாலும் ஹாஜர் ஷீட்டில் 'ஆப்சென்ட்', அப்புறம் அரியர். பேரிடர் ஊருக்கு வந்தால்தான் பேரிடரா? ஒரு வீட்டுக்கு மட்டும் வந்தால் இல்லையா?

இதற்கு வக்கீல் ஃபீஸ் தேவையில்லை. சான்றிதழ் தருபவருக்கு அதே செமஸ்டரில் ஒரு மறுவாய்ப்பு, மார்க் ஷீட்டில் அரியர் முத்திரை இல்லாமல். ஒவ்வொரு பல்கலைக்கழகமும் இதை ஒரே வரியில் விதியாக எழுதலாம். கேட்டால் கிடைக்காது என்று சொல்லாதீர்கள். பொங்கல் நாளான 2025 ஜனவரி 14-ல் வைத்திருந்த சி.ஏ. ஃபவுண்டேஷன் தேர்வு, எதிர்ப்பு எழுந்ததும் 16-க்கு மாறியது. கோர்ட் உத்தரவு எதுவும் தேவைப்படவில்லை. கேட்டார்கள், அவ்வளவுதான்.

ஹால் டிக்கெட் கைக்கு வந்தபிறகு ரிட் மனு போடுவது, வெள்ளம் வந்தபிறகு அணை கட்டுகிற மாதிரி. விதியை மாற்றச் சொல்லி இப்போதே மனு எழுதுவோம். எக்ஸாமுக்கு இன்னும் நாள் இருக்கிறது. என்ன சொல்கிறீர்கள்?