விநாடிக் கணக்கில் விற்கப்படும் முதுகுகள்

ஆவணப்படம் எடுக்கும் தோழர் ஒருவருக்காக ஆறு மாதமாகப் பழைய படத்துண்டுகளைத் தேடிக்கொண்டிருக்கிறேன். வங்கி குமாஸ்தாவுக்கு இது என்ன வேலை என்று கேட்கலாம். கணக்கில் இடிக்கிற பத்து ரூபாயை ராத்திரி ஒன்பது மணி வரைக்கும் தேடிப் பழகிய கண்கள், அவ்வளவுதான். தோழருக்கு வேண்டியது ராயபுரம், எண்ணூர், திருவொற்றியூர். அங்கே உழைத்த நம்ம ஜனங்கள்.

தமிழில் இந்த வேலைக்கு முன்னோடி ஏ.கே. செட்டியார். காந்தி படத்துக்காக உலகம் சுற்றி, யார் யாரோ பிடித்து வைத்திருந்த சுருள்களை 50,000 அடி சேர்த்தார்; 1940இல் படம் வந்தது. அந்த உழைப்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் காந்தி போன இடத்துக்கெல்லாம் கேமராவும் போயிருந்தது. வெண்மணிக்கு எந்தக் கேமரா போனது? 1968 டிசம்பர் 25 இரவு 44 பேர் எரிக்கப்பட்டார்கள். 2005இல் பாரதி கிருஷ்ணகுமாரின் ‘ராமையாவின் குடிசை’யில், மிஞ்சியவர்களின் வாய்மொழியாகத்தான் அந்த இரவு திரும்பி வந்தது.

வடசென்னையைக் கேமரா பிடிக்காமல் இல்லை. கப்பல், கிரேன், ஆலைத் திறப்பு விழா எல்லாம் இருக்கிறது. சிக்கல் பட்டியலில். படத்துண்டு தேடுகிறவன் முதலில் படத்தைப் பார்ப்பதில்லை, பட்டியலைத்தான் படிக்கிறான். அதில் மந்திரிக்குப் பெயர் உண்டு, கப்பலுக்கும் பெயர் உண்டு. மூட்டை சுமக்கிறவர்கள் ‘கூலிகள்’. நம் ஆட்களைக் கண்டுபிடிக்க, அவர்கள் நம்மை அழைத்த அந்தச் சொல்லையே நாம் தட்டவேண்டியிருக்கிறது!

அப்படித் தட்டிக் கிடைத்தது பதினோரு விநாடி. முதுகு காட்டி நடக்கும் சுமைக்காரர்கள். ஆயாவிடம் காட்டினேன். “மூணாவதா போறாரே, நடை உங்க தாத்தா மாதிரியே கீதுடா” என்றது. முகம் தெரியவில்லை. விலை விநாடிக்கு இவ்வளவு என்று. தோழரிடம் நாலு விநாடிக்குத்தான் காசு இருந்தது. மூன்றாவது ஆள் அதில் வரவில்லை.

இப்போதுதான் ஆளுக்கொரு செல்போன் இருக்கே என்பார்கள். 2023 டிசம்பரில் எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் படர்ந்ததையும், அதே மாதம் அமோனியா கசிந்து ஜனங்கள் ராத்திரியில் தெருவுக்கு ஓடிவந்ததையும் எத்தனையோ பேர் பிடித்தார்கள். அந்தப் போன்கள் இன்று எங்கே? தேதி, இடம், பிடித்தவர் பெயர் எழுதி வைத்தோமா? பட்டியலை இன்னொருத்தன் எழுதட்டும் என்று விட்டால், அவன் சாதிக் கண்ணோடுதான் எழுதுவான்.

நாமும் யோக்கியமில்லை. 1991 அம்பேத்கர் நூற்றாண்டு ஊர்வலத்தை எங்கள் தெருவில் வீடியோ எடுத்தார்கள். பிறகு யாரோ அதே கேசட்டில் ஒரு கல்யாணத்தைப் பதிந்துவிட்டார்கள். சாப்பாட்டுப் பந்தி முடிந்ததும் கடைசியில் இரண்டு நிமிடம் நீலக்கொடி வருகிறது.

உங்கள் வீட்டுப் பரணிலும் இப்படிக் கேசட் கிடக்கும். கடல் காற்றுக்குப் பூஞ்சை பிடித்திருக்கும். ஆர்வத்தில் போட்டு ஓட்டிவிடாதீர்கள், டேப் அறுந்தால் போச்சு. வெளியே ஒரு காகிதத்தில் தெரு, வருஷம், தெரிகிறவர்கள் பெயர் எழுதி ஒட்டிவிட்டு, இதழுக்குச் சொல்லி அனுப்புங்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் நானே வந்து வாங்கிக்கொள்கிறேன்.