இலவசமாம், இலவசம்!

மக்களே, முதலில் ஒன்று. மாரியோ ஸ்ட்ரைக்கர்ஸ்: பேட்டில் லீக் மோசமான ஆட்டம் என்று நான் சொல்லவே மாட்டேன். ஃபவுல் கிடையாது, ஆஃப்சைடு கிடையாது. பந்து வைத்திருப்பவனை மின்வேலியில் தள்ளிவிட்டுப் பிடுங்கிக்கொண்டு ஓடலாம். ஹைப்பர் ஸ்ட்ரைக் உள்ளே போனால் ஒரே அடிக்கு ரெண்டு கோல். நாலு பேர் சேர்ந்து உட்கார்ந்தால் வீடு ரெண்டாகிவிடும் :-)

என் கடுப்பெல்லாம் விற்ற விதத்தில்தான். 2022 ஜூனில் நின்டெண்டோ ஸ்விட்சுக்கு வந்தபோது அமெரிக்காவில் விலை 60 டாலர். முழு விலை! உள்ளே இருந்ததோ 10 பேர். டிசம்பருக்குள் மூன்று தவணையாக இன்னும் 6 பேரை அனுப்பி, அதற்கு 'இலவச அப்டேட்' என்று பெயர் வைத்தார்கள்.

யார் அந்த ஆறு பேர்? டெய்சியும் பர்டோவும் 2005-லேயே கேம்கியூபில் ஆடியவர்கள். ஷை கை, டிட்டி காங், பவுசர் ஜூனியர் மூவரும் 2007-ல் வீ கன்சோலில் ஆடிவிட்டார்கள். இந்த வரிசைக்குப் புதுசு என்றால் பாலின் ஒருத்திதான். வீட்டு ஆட்களையே வாசலில் நிறுத்திவைத்துவிட்டு, அப்புறம் உள்ளே விடுவதற்குப் பெயர் அன்பளிப்பா?

"அப்டேட் வரும்னு முன்னாடியே சொல்லித்தானேடா வித்தாங்க?" என்றான் வகுப்புத் தோழன். அதைத்தான் நானும் சொல்கிறேன்! சரக்கு தருவதாகச் சொல்லி வாங்கிய பணம் முன்பணம். சரக்கு போய்ச் சேரும்வரை ஐந்தொகையில் பொறுப்புப் பக்கம்தான் நிற்கும். பாக்கியை அனுப்பினால் கடன் தீர்ந்தது, அவ்வளவுதான். பி.காம். முதல் வருடப் பாடம் ஐயா இது.

அடுத்த பாகம் வந்தால் நான் முதல் நாள் வாங்குவதாக இல்லை. கடைசித் தவணை வந்து சேரட்டும், பார்க்கலாம்.